நீர்க்கடிகாரம், இரண்டாம் பக்கம்

நாற்பத்தெட்டு நொடியில் ஒரு பொய்ப்பல்லைக்கூட ஒழுங்காகத் தேய்த்து முடிக்க முடியாது. பல்செட் கட்டும் கூடத்தில் முப்பத்தைந்து வருடம் குப்பை கொட்டியவள் சொல்கிறேன், நம்பலாம். ஆனால் என்னை நாலு பேருக்குத் தெரிகிறது என்றால் அது ஒரு நாற்பத்தெட்டு நொடியால்தான்.

முப்பத்தெட்டு வருடங்களுக்கு முன்னால் நாங்கள் ஐந்து பேர் சேர்ந்து 'நீர்க்கடிகாரம்' என்று ஓர் இசைத்தட்டு போட்டோம். ப்ராக்ரெசிவ் ராக். அதாவது ராக் இசைதான். ஆனால் மூன்று நிமிடத்தில் காதலைச் சொல்லிவிட்டு இறங்கிப் போகிற ரகம் இல்லை. ஒரு பாட்டு இருபத்தோரு நிமிடம் ஓடும், தாளம் ஏழில் நொண்டும், நடுவில் எல்லாரும் ஒதுங்கிக்கொள்ள ஒருவர் மட்டும் வித்தை காட்டுவார். அண்ணன் கிட்டார், அண்ணி பாட்டு, நான் ஆர்கன், ஆர்மோனியத்துக்கு மின்சாரம் பாய்ச்சிய மாதிரி ஒன்று. டிரம்ஸ் வாசித்தவனை 'கணக்கு' என்போம், அவன் எண்ணாத எண் கிடையாது. பேஸ் கிட்டார் வாசித்தவன் 'நெட்டை', காரணம் சொல்ல வேண்டியதில்லை.

தட்டின் இரண்டாம் பக்கம் முழுக்க ஒரே பாட்டு. அதில் பன்னிரண்டாம் நிமிடத்தில் எல்லாரும் அடங்க, டிரம்ஸ் மட்டும் ஓட, அதன் மேல் ஆர்கன் தலைதெறிக்க ஓடுகிறது. அதுதான் அந்த நாற்பத்தெட்டு நொடி. அதைக் கேட்டுவிட்டுத்தான் எனக்கு 'இருபது விரல்' என்று பெயர் வைத்தார்கள். அந்த ஓட்டத்துக்கு நடுவில் 'கீச்' என்று ஒரு சின்னச் சத்தம் வரும், கொஞ்சம் தள்ளி இன்னொரு 'கீச்'. ஜன்னலில் உட்கார்ந்த குருவி என்று ஒரு கட்சி, நான் உட்கார்ந்த நாற்காலி என்று இன்னொரு கட்சி. ரசிகர்களுக்கு வேறு வேலை இல்லை.

இப்போது உண்மையைச் சொல்லிவிடுகிறேன். அந்த வேகத்தில் நான் வாசிக்கவே இல்லை. என்னால் முடியவில்லை. ஸ்டூடியோவில் கடைசி நாள், முப்பது தடவை முயன்று முப்பது தடவையும் விரல் சிக்கியது. மற்ற நால்வரும் மதியச் சாப்பாட்டுக்கு வெளிமுற்றத்துக்குப் போயிருந்தார்கள். ஒலிப்பதிவு செய்தவர் பாவப்பட்டு ஒரு வழி சொன்னார். டேப் மெஷினைப் பாதி வேகத்தில் ஓடவிட்டார். காதில் மாட்டியிருந்த ஹெட்போனில் கணக்கின் டிரம்ஸ் யானை நடப்பதுபோல் ஆடி அசைந்து வந்தது. அதோடு சேர்ந்து, ஒரு ஸ்தாயி கீழே இறங்கி, நானும் பாதி வேகத்தில் வாசித்தேன். டேப்பை முழு வேகத்துக்குத் திருப்பியதும் சுரமும் மேலே ஏறிக்கொண்டது, நானும் மேதையாகிவிட்டேன். அவர்கள் கை கழுவிவிட்டு உள்ளே வந்தபோது, "ஒரே தடவையில வந்திடுச்சு" என்று சொன்னேன். அண்ணன் என்னைத் தூக்கிச் சுற்றினான்.

தட்டு நன்றாகப் போனது. பதினான்கு ஊர்களில் மேடை ஏறக் கூப்பிட்டார்கள். மேடைக்கு டேப் மெஷினைத் தூக்கிக்கொண்டு போக முடியுமா? அந்தச் சமயம் பார்த்து அண்ணி சாப்பாட்டு மேஜையில் ஒரு கிண்டல் செய்தாள்: "இவ ஆர்கனைத் தூக்க நாலு பேரு, இவளைத் தூக்க ஒருத்தரு, ஆக மொத்தம் அஞ்சு டிக்கெட்டா?" எல்லாரும் சிரித்தார்கள். நான் எழுந்தேன். அவமானப்படுத்திவிட்டார்கள் என்றேன், அண்ணி நிற்கிற மேடையில் கால் வைக்க மாட்டேன் என்றேன், கதவை ஓங்கிச் சாத்தினேன். மூன்று மாதம் கெஞ்சினார்கள். நான் இறங்கி வரவில்லை. குழு அதோடு சரி.

அண்ணன் லிஃப்ட் பழுது பார்க்கும் வேலைக்குப் போனான். அண்ணி பேருந்து நிலையத்தில் அறிவிப்பாளரானாள். எந்த வண்டி எந்த நடைமேடை என்று முப்பது வருடம் ஒலிபெருக்கியில் சொன்னாள். பாட்டை அடியோடு விட்டுவிட்டாள். வீட்டில் எப்போது சண்டை வந்தாலும் அண்ணன் கடைசியில் ஒரே இடத்துக்குத்தான் வருவான்: "உன் வாயாலதான் எல்லாம் போச்சு." என் காதுபடவே எத்தனையோ தடவை சொல்லியிருக்கிறான். நான் அப்போதெல்லாம் தட்டில் இருக்கும் சாப்பாட்டைப் பார்ப்பேன்.

இந்த வருடத் தொடக்கத்தில் அண்ணன் என் வேலைக்கூடத்துக்கு மூச்சிரைக்க வந்தான். நான் மெழுகு அச்சில் கீழ்வரிசைப் பல்லை நட்டுக்கொண்டிருந்தேன்.

"தட்டை மறுபடி போடறாங்களாம்! பழைய டேப்பையெல்லாம் தோண்டி எடுத்து, சுத்தம் பண்ணி, புதுசா. கூடவே ஒரு கச்சேரி. முழுத் தட்டையும், ரெண்டு பக்கமும். ஒரே ஒரு நாள்தான். நீ இந்தத் தடவை மாட்டேன்னு சொன்னே, கொன்னுடுவேன்."

"அண்ணி பாடறாங்களா?"

அவன் முகம் விழுந்தது. "மாட்டாளாம். 'என்னாலதானே கெட்டுச்சு, என்னை விட்டுட்டு நடத்துங்க'ன்னுட்டா. வேற பொண்ணைப் பார்க்கணும். அவ இல்லாம எனக்கு வாசிக்கவே பிடிக்கல. ஆனா கேட்டா அவ முகத்துல எள்ளும் கொள்ளும் வெடிக்குது."

நான் சரி என்றேன். ஏழு மாதம் இருந்தது. அன்று இரவே முடிவெடுத்துவிட்டேன்: அந்த நாற்பத்தெட்டு நொடியை நிஜமாகவே கற்றுக்கொள்வது. வாசித்துவிட்டால் அது பொய்யே இல்லை என்று ஆகிவிடும் அல்லவா? அறுபத்திரண்டு வயதில் என் புத்தி அப்படி வேலை செய்தது.

பிடிவாதத்தில் எனக்குக் குறைச்சல் இல்லை. தட்டில் அந்த இடத்தின் வேகம், தாளம் தட்டும் கருவியான மெட்ரோனோமில், நிமிடத்துக்கு நூற்று ஐம்பத்திரண்டு தட்டு. நான் உண்மையில் வாசித்தது எழுபத்தாறு. எழுபத்தாறிலேயே தொடங்கினேன். பல்செட்டை யாரும் மொத்தமாக நடுவதில்லை. முன்பல் நாலு, அப்புறம் கோரைப்பல், ஒவ்வொரு தடவையும் மேலும் கீழும் கடிக்க வைத்துப் பார்த்துவிட்டுத்தான் அடுத்தது. ஓட்டத்தையும் அப்படியே பதினொரு துண்டாக வெட்டினேன். ஒரு துண்டு, அடுத்த துண்டு, இரண்டும் சேரும் இடத்தில் கடி சரியாக இருக்கிறதா என்று ஒரு சோதனை. காலையில் வேலைக்குப் போகும் முன் ஒன்றரை மணி நேரம். மதியம் கூடத்தில் எல்லாரும் சாப்பிடும்போது நான் மேஜை விளிம்பில் விரலோட்டிக்கொண்டிருப்பேன். முதலாளி இரண்டு தடவை பார்த்துவிட்டு, நரம்பு டாக்டர் ஒருவரின் எண்ணை எழுதிக் கொடுத்தார்.

மேல்மாடிக்காரர் கதவைத் தட்டினார். "தப்பா நினைச்சுக்காதீங்க. அந்தப் பாட்டுல அடுத்த வரி இருக்கா, இல்ல இவ்வளவுதானா?"

"இருக்கு. இது வந்தாத்தான் அதுக்குப் போக முடியும்."

"சீக்கிரம் வரட்டும்" என்று மனதார வாழ்த்திவிட்டுப் போனார்.

மூன்றாம் மாதம் நூறைத் தொட்டேன். நாலாம் மாதம் நூற்றுப் பதினெட்டு. அங்கே ஆறு வாரம் மாட்டிக்கொண்டேன். வலது கை மோதிர விரலும் சுண்டு விரலும் ஒன்றையொன்று பார்த்து நிற்குமே தவிர நகராது. வெந்நீரில் ஊறவைத்தேன், எண்ணெய் தடவினேன், திட்டினேன். திட்டியதற்குத்தான் கொஞ்சம் அசைந்தது. ஆறாம் மாதக் கடைசியில் நூற்று முப்பத்திரண்டு. அதற்கு மேல் ஓர் எண் ஏற்றினாலும் கை வழிமாறியது. இன்னும் இருபது வேண்டும். இருந்தது ஒரு மாதம். ராத்திரியெல்லாம் எழுந்து எழுந்து உட்கார்ந்தேன்.

அந்த வாரம்தான் ஒலிப்பதிவுக்காரர் கூப்பிட்டார். அவருக்கு இப்போது எழுபத்தைந்து. பழைய டேப்புகளைச் சுத்தம் செய்து கணினிக்கு மாற்றும் பொறுப்பை அவரிடமே கொடுத்திருந்தார்கள். "ஒரு நடை வந்துட்டுப் போம்மா. நேர்ல காட்டணும்."

ஒரு சின்ன அறை, சுவர் முழுக்க டேப் பெட்டிகள். அவர் ஓர் அட்டைப் பெட்டியை என் முன்னால் வைத்தார். அதன் மேல், அவருடைய கையெழுத்தில், பேனா மையில்: 'ஆர்கன், பாதி வேகம்.'

"புது வெளியீட்டுல ஒரு சின்னப் புத்தகம் வெக்கிறாங்க. இந்தப் பெட்டியோட படம் வேணுமாம். நான் இன்னும் குடுக்கல. நீ சொன்னா அட்டையைக் கிழிச்சுப் போட்டுட்டு வேற எழுதிடறேன். மேடைக்கும் கவலைப்படாதே, அந்த இடத்துல நான் டேப்பை ஓடவிடறேன், நீ சும்மா விரலை ஆட்டினா போதும். எவனுக்கும் தெரியாது."

"கிழிச்சிடுங்க" என்று சொல்ல வாயெடுத்தேன். உண்மையைச் சொன்னால், அப்படித்தான் வாயெடுத்தேன். அவர் கையை உயர்த்தினார்.

"இரு. அதுக்கு முன்னால இதைக் கேளு. உன் ஆர்கனை மட்டும் தனியா, அன்னைக்குப் பதிவான அதே பாதி வேகத்துல போடறேன். நானும் இப்பத்தான் கேட்டேன்."

என் ஆர்கன் சத்தம் சுழலும் ஸ்பீக்கர் வைத்த ஒரு மரப்பெட்டி வழியாக வரும்; அதன் எதிரே மைக் இருக்கும். அந்த மைக் ஆர்கனை மட்டும் அல்ல, அறையையே கேட்டுக்கொண்டிருந்திருக்கிறது. இருபத்துநாலு வயசுப் பெண் ஒருத்தி மெதுவாக, பயந்து பயந்து, ஒவ்வொரு கட்டையாக அழுத்துகிறாள். வாய்க்குள் ஏழு வரை எண்ணுகிறாள். கேட்கவே பாவமாக இருந்தது. பிறகு ஒரு கதவு திறக்கும் சத்தம். ஒரு குரல்.

"சாப்பாடு ஆறுது, வரியா?"

அண்ணி.

ஹெட்போன் மாட்டியிருந்தவளுக்குக் கேட்கவில்லை, வாசித்துக்கொண்டே இருக்கிறாள். ஒலிப்பதிவுக்காரரோ கண்ணாடிக்கு அந்தப் பக்கம் மெஷினைப் பார்த்துக் குனிந்திருந்திருப்பார். கொஞ்ச நேரம் வெறும் ஆர்கன். அண்ணி நின்று கேட்டிருக்கிறாள். அந்தப் பாட்டை நூறு தடவை பாடியவளுக்கு அது என்ன வேகம் என்று தெரியாதா? பிறகு மறுபடி அந்தக் குரல், மிகவும் தணிந்து:

"சரி, முடிச்சுட்டு வா. நான் அவங்களை வெளியவே வெச்சிருக்கேன்."

கதவு மெதுவாகச் சாத்திக்கொண்டது.

ஒலிப்பதிவுக்காரர் டேப்பை முழு வேகத்துக்குத் தட்டிவிட்டார். அந்த இரண்டு வாக்கியமும் இரண்டு 'கீச்'சாகச் சுருங்கின. குருவியும் இல்லை, நாற்காலியும் இல்லை. என் அண்ணி.

நான் அங்கேயே அழுதேன். அவர் தண்ணீர் கொண்டுவரப் போனவர் நெடுநேரம் கழித்துத்தான் வந்தார், நல்ல மனிதர். முகத்தைத் துடைத்துக்கொண்டு, "கிழிக்காதீங்க. படம் எடுத்து அப்படியே அனுப்புங்க" என்றேன். "மேடையில டேப்பும் வேணாம்." ஆனால் அண்ணி அதைப் புத்தகத்தில் பார்த்துத் தெரிந்துகொள்ளக் கூடாது. அண்ணனும்தான். அது என் வாயால் வர வேண்டும்.

வெளியே வந்ததும் அண்ணனைக் கூப்பிட்டேன். "ஞாயித்துக்கெழமை காலைல ஒத்திகைக்கு வரும்போது அண்ணியையும் கூட்டிட்டு வா."

"அவ வரமாட்டாடி."

"வரலன்னா நான் மேடை ஏற மாட்டேன்."

இந்த வசனத்தை அவன் ஏற்கெனவே என் வாயால் கேட்டிருக்கிறான். "மறுபடியுமா?" என்றான், உயிரே இல்லாமல்.

"கடைசித் தடவை, அண்ணா. கூட்டிட்டு வா."

ஞாயிறன்று வந்தார்கள். கணக்கையும் நெட்டையையும் மதியத்துக்கு மேல் வரச் சொல்லியிருந்தேன். அண்ணி கைப்பையைக்கூடக் கீழே வைக்கவில்லை. ஆர்கனுக்கு எதிரே இருந்த நாற்காலியின் நுனியில் உட்கார்ந்தாள். அண்ணன் கிட்டாரை எடுத்து மடியில் வைத்துக்கொண்டான், கைக்கு ஏதாவது வேண்டும் என்று.

இதை எப்படித் தொடங்குவது என்று மூன்று நாளாக யோசித்து வைத்திருந்ததெல்லாம் மறந்துபோயிற்று.

"ரெண்டாம் பக்கத்துல வர்ற அந்த ஓட்டத்தை நான் வாசிக்கல."

அண்ணன் சிரித்தான். "பின்ன யாரு? உன் ஆவியா?"

"பாதி வேகத்துல வாசிச்சேன். நீங்கள்லாம் சாப்பிடப் போனப்ப, டேப்பைப் பாதி வேகத்துல ஓடவிட்டு. அப்புறம் வேகத்தைக் கூட்டினாங்க. எனக்கு அது வரல. அன்னைக்கும் வரல, அதுக்கப்புறமும் வரல. அதனாலதான் பதினாலு ஊருக்கும் வரமாட்டேன்னேன். மேடையில குட்டு வெளிப்பட்டுடும்னு பயம். அண்ணி பண்ணின கிண்டலுக்கு நான் கோவிச்சுக்கவே இல்ல. எனக்கு ஒரு சாக்கு வேண்டியிருந்தது, அண்ணி கையில அகப்பட்டாங்க. அவ்வளவுதான்."

அண்ணன் முகத்தில் சிரிப்பு அப்படியே நின்றது, எடுக்க மறந்தமாதிரி. "முப்பத்தெட்டு வருஷம்" என்றான் கிட்டாரைப் பார்த்து. எழுந்தான். உட்கார்ந்தான். "உன் பேச்சை நம்பி நான் இவளை…" என்றான். அடிப்பான் என்று நினைத்தேன். அடித்திருந்தால் தேவலை.

"அண்ணிக்குத் தெரியும்" என்றேன். "அன்னைக்கு வாசல்ல நின்னு கேட்டிருக்காங்க. உங்களையெல்லாம் உள்ள விடாம வெளியவே வெச்சிருந்தாங்க. அவங்க குரல் டேப்புல இருக்கு."

அண்ணி முதல் தடவையாக நிமிர்ந்தாள். "அது டேப்புல விழுந்துடுச்சா?"

அண்ணன் அவள் பக்கம் திரும்பினான். "தெரிஞ்சே இருந்தியா? நான் அவ்வளவு பேசினப்ப ஒரு வார்த்தை சொல்லலாமில்ல?"

"எதுக்கு? திருடினது நானா? திருடினவளே வந்து சொல்லட்டும்னு இருந்தேன்." அண்ணியின் குரல் அந்தப் பேருந்து நிலையக் குரலேதான், நிதானமாக, ஓர் எழுத்து பிசகாமல். "ஒரு வருஷம் பார்த்தேன். ரெண்டு வருஷம் பார்த்தேன். அப்புறம் வீம்பாயிடுச்சு. இவ எவ்வளவு காலம் வாயை மூடிட்டிருக்கா, பார்த்துடலாம்னு." என்னைப் பார்த்தாள். "நான் நல்லவள்னு நினைச்சுடாதே. ஒவ்வொரு தடவை நீ என் வீட்டுல உட்கார்ந்து சாப்பிடும்போதும் உன்னை மனசுக்குள்ள கிழிகிழின்னு கிழிச்சிருக்கேன்."

"தெரியும், அண்ணி."

"ஒண்ணும் தெரியாது உனக்கு. எனக்குப் பாட்டுன்னா உசுரு."

மன்னிப்பு என்ற சொல்லை எடுத்தேன். வாயில் வைத்துக்கொள்ளவே கூசியது. அண்ணன் கிட்டாரைக் கீழே வைத்துவிட்டு அண்ணியின் முன்னால் போய் நின்றான். "நான் சொன்னதெல்லாம்…" என்றான்.

"அது நம்ம வீட்டு விஷயம். இங்க அவிழ்க்க வேணாம். வீட்டுக்குப் போய் வெச்சுக்கலாம், உங்களுக்கு நிறைய இருக்கு." கைப்பையைக் கீழே வைத்தாள். பிறகு என்னிடம், "இப்ப எவ்வளவு வேகம் வருது?" என்று கேட்டாள்.

"நூத்தி முப்பத்திரெண்டு."

"தட்டுல?"

"நூத்தி ஐம்பத்திரெண்டு. இன்னும் ஒரு மாசம் இருக்கு, எப்படியாவது…"

"வருமா வராதா?"

ஆறு மாதமாக எனக்கு நானே சொல்லிக்கொள்ளாத ஒன்று. "வராது, அண்ணி."

"அப்ப மொத்தப் பாட்டையும் நூத்தி முப்பத்திரெண்டுல வை."

அண்ணன் பதறினான். "கேக்கறவங்க கண்டுபிடிச்சிடுவாங்களே! ஒவ்வொருத்தனும் தட்டை மனப்பாடமா வெச்சிருக்கான்."

"தட்டு வேணும்னா வீட்டுல போட்டுக் கேக்கட்டும். இவ கை எந்த வேகத்துல ஓடுதோ அந்த வேகத்துல நான் பாடறேன்." எழுந்து நாற்காலியைத் தள்ளினாள். "ஓட்டத்துலேர்ந்து எடு. அது முடிஞ்சதும்தானே என் வரி?"

அண்ணன் கிட்டாரை மறுபடி எடுத்துக்கொண்டு உட்கார்ந்தான். மெட்ரோனோமைத் தட்டிவிட்டேன். ஏழு எண்ணிவிட்டு இறங்கினேன். முதல் துண்டு, இரண்டாவது, மூன்றாவது. ஆறாவதில் சுண்டு விரல் ஒரு கட்டையை விட்டது. நிறுத்தவில்லை. ஒன்பதாவதில் இரண்டு கட்டையைச் சேர்த்து அழுத்தினேன். அண்ணி திரும்பிப் பார்க்கவில்லை. சுவரைப் பார்த்து நின்று மூச்சை நிரப்பிக்கொண்டிருந்தாள். பதினொன்றாவது துண்டு முடிந்தது. என் வாழ்க்கையில் முதல் தடவையாக அதை ஒருவர் முன்னால் வாசித்து முடித்திருந்தேன்.

அண்ணி தன் இடத்தில் சரியாக இறங்கினாள். குரல் கனத்திருந்தது, மேலே போகிற இடத்தில் கரகரத்தது, ஆனால் கரகரத்துக்கொண்டே போய்ச் சேர்ந்தது. நான்காவது அடியில் கிட்டார் சேர வேண்டும். சேரவில்லை. எந்த ஒத்திகையிலும் ஒரு தட்டுக்கூடத் தவறாத என் அண்ணன், கிட்டாரை மடியில் கவிழ்த்துப் போட்டுக்கொண்டு அவள் வாயையே பார்த்தபடி உட்கார்ந்திருந்தான். அண்ணி பாட்டை விடாமலே அவன் பக்கம் நகர்ந்து, அவன் முழங்காலில் ஓங்கி ஓங்கித் தட்டித் தாளம் போடத் தொடங்கினாள்.